ஆட்டம் அவருக்கு வேலை: தோட்ட நகரத்துத் திருநங்கைக் கலைஞர் ஒருவர் பற்றிய நிகழ்வு ஆய்வு

மலேசியாவின் பேராக் மாநிலத்தின் தோட்ட நகரம் ஒன்றில் வாழும் முப்பத்து நான்கு வயதுத் திருநங்கையைப் பற்றியது இந்த அறிக்கை. அவருடைய சம்மதத்தோடு எழுதப்படுகிறது. ஊர்ப்பெயரை விட்டுவிட்டேன், குடும்ப விவரங்கள் சிலவற்றை மாற்றியிருக்கிறேன். அவரைக் 'கலைஞர்' என்று குறிப்பிடுகிறேன். பெயருக்குப் பதிலாக எதைப் போடலாம் என்று கேட்டபோது, 'செய்கிற வேலையைப் போடுங்கள்' என்றார்.

வந்த வழி

எங்கள் ஆலோசனைக் குழுவுக்கு அவர் ஒரே மாதத்தில் இரண்டு வாசல் வழியாக வந்தார். அரசு கிளினிக்கின் மருத்துவர் அனுப்பிய குறிப்பில் இடது கால் வீக்கம், தானாக வாங்கிச் சாப்பிட்ட ஹார்மோன் மாத்திரை, புகைப்பழக்கம் என்று மூன்று வரி இருந்தது. இன்னொன்று அவருடைய அக்கா கொண்டுவந்த கடிதம். தோட்டத்துக் கோவில் நிர்வாகத்தில் இருக்கும் உறவினர் ஒருவர் எழுதிக் கொடுத்தது. 'சிறு வயதிலிருந்து பெண் வேடம் போட்டு ஆடியதால் பிள்ளை இப்படி ஆகிவிட்டான். ஆட்டத்தை விட்டால் சரியாகிவிடுவான். தாயார் படுத்த படுக்கையாக இருக்கிறார். காலம் கடப்பதற்குள் எடுத்துச் சொல்லுங்கள்.'

எங்கள் குழுவிலேயே ஓர் இளம் தொண்டர் இதற்கு நேர் எதிரான கருத்தோடு இருந்தார். கலைஞருக்கு மேடைதான் உண்மையான வீடு, அங்கேதான் அவர் தன்னை முழுமையாக வெளிப்படுத்துகிறார், ஆகவே ஆட்டத்தை ஊக்குவிப்பதே ஆலோசனை என்றார். கடிதத்தைவிட இது இதமாகக் கேட்டது. ஆனால் இருவரும் ஒரே எண்ணத்தின் மேல்தான் நின்றிருந்தார்கள்: இவருடைய பெண்மையும் இவருடைய ஆட்டமும் ஒன்று என்ற எண்ணம். இந்த நிகழ்வில் அது எவ்வளவு தவறாகப் போனது என்பதைப் பதிவு செய்வதே இந்த அறிக்கையின் நோக்கம்.

வளர்ந்த விதம்

கலைஞர் பிறந்தது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடான லயத்தில். ரப்பர் மரங்களை அழித்துச் செம்பனை நட்ட தோட்டம் அது. தாயார் உதிரிப் பழம் பொறுக்கினார். சில காலம் மருந்தடிக்கவும் போனார். தந்தை லாரி ஓட்டினார், இளம் வயதிலேயே இறந்துவிட்டார். பின்னர் லயம் காலியாக, குடும்பம் நகரத்து ஓரத்தில் மலிவு விலை வீடுகள் கொண்ட தாமானுக்குக் குடிபெயர்ந்தது. தீபகற்பத்தில் ஆயிரக்கணக்கான தோட்டக் குடும்பங்களுக்கு நேர்ந்தது இதுதான். மனிதர்கள் வெளியேறினார்கள், மாரியம்மன் மட்டும் செம்பனைக்கு நடுவில் அங்கேயே இருந்தாள். ஆண்டுக்கு ஒரு முறை திருவிழாவுக்கு எல்லாரும் வேன் பிடித்துத் திரும்பிப் போகிறார்கள்.

தமிழ்ப்பள்ளி ஆண்டு விழாவில் முதல்முறையாகப் பெண் வேடம் போட்டார். குரல் மெல்லியதாக இருந்ததால் ஆசிரியை தேர்ந்தெடுத்தார். கடிதம் எழுதியவர் 'ஆரம்பம்' என்று குறிப்பிடுவது இந்த நாளைத்தான். கலைஞரின் நினைவு வேறு. அதற்கு முன்பே, அக்காவின் பழைய பாவாடையை எடுத்துக்கொண்டு கோழிக்கூண்டுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்ததை அவர் சொல்கிறார். ஆடவில்லை, கண்ணாடி பார்க்கவில்லை, சும்மா உட்கார்ந்திருந்தாராம். பிறகு மடித்து, இருந்த இடத்திலேயே வைத்துவிடுவாராம்.

இடைநிலைப்பள்ளி கொடுமையாக இருந்தது. கழிப்பறைக்குப் போகாமல் இருப்பதற்காகத் தண்ணீர் குடிப்பதை நிறுத்தினார். இடைநிலைப்பள்ளி இறுதித் தேர்வான எஸ்.பி.எம்.முக்கு முன்பே படிப்பை விட்டார். பூக்கடையில் சரம் தொடுக்கச் சேர்ந்தார். தோட்டத்து வயதான வாத்தியார் ஒருவரிடம் கரகம் கற்றார். பத்தொன்பது வயதில் கோலாலம்பூர் போய், அங்கிருந்த திருநங்கைகளிடையே ஒருவரை அம்மாவாக ஏற்று, அவருக்கு மகளாகச் சில ஆண்டுகள் இருந்தார். தாயாருக்கு முதல் பக்கவாதம் வந்ததும் ஊருக்குத் திரும்பினார்.

இரண்டு மேடைகள்

அவருடைய வருமானத்துக்கு மூன்று வழிகள்: பகலில் பூக்கடை, திருவிழாக் காலத்தில் கரகாட்டம், வார இறுதியில் பக்கத்து நகரத்துக் கேளிக்கை விடுதியில் நடனம்.

விடுதியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஊரில் அதைப் பற்றிப் பேசுகிறவர்கள் பலரும் உள்ளே போனதில்லை, போனவர்கள் பேசுவதில்லை. திரைப்பாடல் ஒலிக்கும், மேடையில் ஆடுவார்கள், கீழே மேசைகளில் மது. அடிப்படைச் சம்பளம் சொற்பம். பிழைப்பு கழுத்தில் விழும் மாலையில் இருக்கிறது. வாடிக்கையாளர் மேசையிலிருந்தே மாலைக்குப் பணம் கட்டுவார். பணியாளர் அதைக் கொண்டுபோய் ஆடுபவரின் கழுத்தில் போடுவார். பாட்டு முடிந்ததும் மாலை கவுண்டருக்குத் திரும்பும், அடுத்த கழுத்துக்குப் போகும். ஐம்பது வெள்ளி (ரிங்கிட்) மாலையில் ஒரு பங்குதான் ஆடியவருக்கு. எல்லாம் பிளாஸ்டிக் பூ. நாளெல்லாம் மல்லிகை தொடுத்த கை உள்ளவருக்கு அந்த மாலை கழுத்தில் அரிக்குமாம்.

ஒரு சனிக்கிழமை, அவர் புறப்படுவதற்கு முன் வீட்டில் பேசிக்கொண்டிருந்தோம். முகத்தை இரண்டு முறை மழித்தார். தாடி நிழல் தெரியும் இடங்களில் ஆரஞ்சு நிற உதட்டுச் சாயத்தை விரலால் ஒற்றி, அதன் மேல் பவுண்டேஷன் போட்டார். தாடியின் நீல நிழலை ஆரஞ்சு அடக்கிவிடும் என்பது அந்தத் தொழிலில் எல்லாருக்கும் தெரிந்த கணக்கு. பிறகு இடுப்புக்கு மெத்தை, சவுரி, ஒட்டு இமை. முடித்துவிட்டுக் கண்ணாடியைப் பார்த்து, 'முதலாளி கேட்ட பெண் தயார்' என்றார். சிரிக்கவில்லை.

வீட்டில் அவர் உடுத்துவது வெளுத்த நைட்டி, தோளில் ஒரு துண்டு. முகத்தில் எதுவும் இருக்காது. தலைமுடியை எண்ணெய் வைத்துப் பின்னி விடுவார். அந்த நைட்டியோடு மாலையில் பாசார் மாலாம் என்ற இரவுச் சந்தைக்குப் போய்க் கீரைக்கு விலை பேசுவதுதான் தனக்குப் பிடித்த நேரம் என்று எங்களிடம் சொன்னார். தன்னை வெளிப்படுத்திக்கொள்வது என்று நாம் பெரிதாகப் பேசுவதெல்லாம் அவர் விஷயத்தில் இந்தக் கீரைக்கடைக்குள் அடங்கிவிடும். மேடையில் இருக்கும் பெண் பிறர் விருப்பத்துக்காகச் செய்யப்படுபவள்: இடுப்பு பெரிதாக, சிரிப்பு ஓயாமல், பாவாடை குட்டையாக. 'அவளை எனக்கு அவ்வளவாகப் பிடிக்காது, ஆனால் அவள்தான் அம்மாவுக்கு மருந்து வாங்குகிறாள்' என்றார்.

கோவில் மேடையும் வேறு விதத்தில் இப்படித்தான். அங்கே அவர் தூக்குவது ஆட்டக் கரகம். சக்திக் கரகம் தூக்க விரதமிருந்து காப்புக் கட்டிக்கொள்ள வேண்டும். அதைக் கேட்டபோது நிர்வாகம் மறுத்துவிட்டது. பார்ப்பதற்கான கரகத்துக்கு அவர் வேண்டும், அம்மன் இறங்கும் கரகத்துக்கு வேண்டாம்.

ஒப்பிட்டுப் பார்க்க அவர் ஆடும் குழுவிலேயே ஒருவர் இருக்கிறார். ராஜா ராணி ஆட்டத்தில் பல ஆண்டுகளாக ராணி அவர்தான். நளினம் கலைஞரைவிட ஒரு பங்கு அதிகம் என்று பார்த்தவர்கள் சொல்வார்கள். பகலில் செம்பனை லாரி ஓட்டுகிறார். மனைவி, மூன்று பிள்ளைகள். பெண் வேடம் ஒருவரைப் பெண்ணாக்கிவிடும் என்றால் இவர் எப்போதோ ஆகியிருக்க வேண்டும். தமிழ் நாடக மேடைக்கு இது புதிதும் இல்லை. ஆண்களே எல்லாப் பெண் பாத்திரமும் ஏற்ற பாய்ஸ் கம்பெனிகளின் காலத்திலிருந்து வந்த நடிகர் டி.கே. சண்முகத்துக்கு ஔவையார் வேடம் பட்டமாகவே நிலைத்து, 'அவ்வை' சண்முகம் ஆனார். அவருடைய பாலினத்தைப் பற்றி யாரும் கவலைப்படவில்லை. மறுபக்கம், 2019-இல் பத்மஸ்ரீ பெற்ற மதுரை நர்த்தகி நடராஜ் திருநங்கை. அவர் ஆடுவது தஞ்சாவூர் மரபுப் பரதநாட்டியம். அதற்குக் காரணம் குருவும் பயிற்சியும். கடிதம் எழுதியவருக்கு இந்த மூவரையும் நான் வாயால் எடுத்துச் சொன்னேன். ராணி வேடக்காரரைப் பற்றி மட்டும் யோசித்தார்.

கால்

பதினெட்டு வயதிலிருந்து கருத்தடை மாத்திரைகளைச் சாப்பிட்டு வந்தார். சீட்டு இல்லாமல் மருந்துக்கடையில் கிடைத்தது. எவ்வளவு சாப்பிடுவது என்பதைப் பின்னர் கோலாலம்பூர்த் திருநங்கை அக்காமார் சொன்னார்கள்: ஒன்று போதாது, மூன்று. இந்த மாத்திரைகளில் உள்ள எத்தினில் எஸ்ட்ரடியால் என்ற செயற்கைப் பெண் ஹார்மோன் (எஸ்ட்ரோஜன்) இரத்தம் உறையும் அபாயத்தைக் கூட்டும். வயது முப்பத்தைந்தை நெருங்குவதும் சிகரெட்டும் அதோடு சேர்ந்தால் அபாயம் பெருகும். அதனால்தான் திருநர் நலத்துக்கான உலகத் தொழில்முறைச் சங்கம் 2022-இல் வெளியிட்ட எட்டாம் பதிப்பு வழிகாட்டி இந்த வகை எஸ்ட்ரோஜனைத் தவிர்க்கச் சொல்கிறது. உறைவு அபாயம் உள்ளவர்களுக்குத் தோல் வழியாகச் செலுத்தும் எஸ்ட்ரடியாலைப் பரிந்துரைக்கிறது.

ஸ்கேனில் தொடையின் ஆழ்சிரையில் உறைவு இருந்தது. அது கழன்று நுரையீரலுக்குப் போயிருந்தால் இந்த அறிக்கைக்கு வேலை இருந்திருக்காது. மருத்துவமனையில் சேர்த்தார்கள். மைகார்டு என்ற அடையாள அட்டை எண்ணின் கடைசி இலக்கம் ஒற்றைப்படை என்றால் ஆண், இரட்டைப்படை என்றால் பெண்; அவருடையது ஒற்றைப்படை. ஆண்கள் வார்டு. மூத்த தாதி ஒருவர் எதுவும் கேட்காமல் சுவரோரக் கட்டிலுக்கு மாற்றித் திரையை இழுத்துவிட்டார். பெரிய கொள்கை எதுவும் இல்லாமல் ஒரு மனிதர் செய்தது அது. அடுத்த ஷிப்டில் வந்தவர் திரையைத் திறந்து வைத்தார்.

மாத்திரை உடனே நிறுத்தப்பட்டது. இரத்தம் இளக்கும் வார்ஃபரின் தொடங்கியது, இரத்தப் பரிசோதனைக்காக அடிக்கடி கிளினிக். ஆறு மாதங்களுக்கு மேல் ஆட்டம் இல்லை. கரகம் இல்லை, விடுதி இல்லை. ஹார்மோனும் இல்லாததால் மார்பு கொஞ்சம் வற்றியது, தாடி தடித்தது, மனம் சோர்ந்தது.

கடிதம் கேட்ட சோதனை, யாரும் திட்டமிடாமலே நடந்துவிட்டது. ஆட்டம் முழுவதுமாக நின்றது. உறவினர்கள் காத்திருந்தார்கள், 'இனிச் சட்டை போடுவான்' என்று அக்காவிடம் சொன்னவர்களும் உண்டு. கலைஞர் அதே நைட்டியில், வீங்கிய காலைத் தலையணையில் வைத்துக்கொண்டு தாயாருக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தார். 'ஆடாமல் இருந்தேன். பெண்ணாக இல்லாமல் இருக்கவில்லை' என்று ஒரு சந்திப்பில் அவர் சொன்னதை அக்கா கேட்டுக்கொண்டிருந்தார். அன்று முதல் கடிதத்தைப் பற்றி அக்கா பேசவில்லை. தொண்டரின் கருத்தும் அதோடு கரைந்தது. மேடைதான் அவருடைய வீடு என்றால் அந்த மாதங்களில் அவர் இல்லாமற்போயிருக்க வேண்டும். சோர்வு இருந்தது உண்மை. அதற்கு அவர் சொன்ன காரணங்கள் தாடி, கடன், அம்மா, இந்த வரிசையில். மேடை பட்டியலிலேயே இல்லை.

இதை நோயாகப் பார்க்கும் பழக்கம் மருத்துவத்திலேயே விலகிவருகிறது. உலகச் சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டின் பதினோராம் பதிப்பு 2019-இல் ஏற்கப்பட்டு 2022 ஜனவரியில் நடப்புக்கு வந்தது. பாலின ஒவ்வாமை, அதாவது உணரும் பாலினமும் பிறப்பில் குறித்த பாலினமும் பொருந்தாத நிலை, அதில் மனநோய் அத்தியாயத்திலிருந்து எடுக்கப்பட்டு, பாலியல் நலம் பற்றிய அத்தியாயத்துக்கு மாற்றப்பட்டிருக்கிறது. ஆகவே நான் 'குழப்பம்' என்ற சொல்லைக் கோப்பிலிருந்து அடித்துவிட்டு, 'இரத்த உறைவு, வருமான இழப்பு, குடும்ப அழுத்தம்' என்று எழுதினேன்.

சட்டம், சுருக்கமாக

ஆண் பெண்ணுடை அணிவதைத் தண்டிக்கும் மாநில ஷரியா சட்டங்கள் முஸ்லிம்களுக்கு மட்டுமே. நெகிரி செம்பிலான் மாநிலத்தின் அத்தகைய பிரிவு ஒன்றை 2014-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அரசியலமைப்புக்கு முரண் என்றது. 2015-இல் நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம் வழக்குத் தொடுத்த முறை சரியில்லை என்று அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. இந்துவான கலைஞர்மேல் அது பாயாது. ஆனால் 1955-ஆம் ஆண்டின் சிறு குற்றச் சட்டத்தில் 'அநாகரிக நடத்தை' என்றொரு பிரிவு இருக்கிறது. அது யாருடைய உடையையும் தொடக்கூடிய அளவுக்கு அகலமானது. விடுதியில் சோதனை நடந்தால் எல்லாரும் அடையாள அட்டையை நீட்ட வேண்டும். படத்தையும் முகத்தையும் மாறி மாறிப் பார்க்கும் அந்த அரை நிமிடம்தான் அந்த வேலையிலேயே கொடுமை என்கிறார்.

அட்டையில் பாலினத்தை மாற்ற முடியுமா என்று கேட்டார். 2005-ஐ ஒட்டி ஈப்போ உயர்நீதிமன்றம் ஒருவருக்கு மறுத்தது, கோலாலம்பூர் உயர்நீதிமன்றம் இன்னொருவருக்கு அனுமதித்தது. 2016-இல் மறுபடி ஒருவருக்கு அனுமதி கிடைத்து, அதுவும் மேல்முறையீட்டில் கவிழ்ந்தது. இந்த நிலையில் வழக்குக்குப் பணம் செலவழிக்கச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அந்தப் பணத்தில் முதலில் கடனை அடைக்கலாம் என்று சொன்னேன். அவரும் அப்படித்தான் கணக்குப் போட்டிருந்தார்.

கொள்ளி

குடும்பத்தின் உண்மையான அச்சம் இங்கேதான் இருந்தது. தாயாருக்கு இரண்டு பிள்ளைகள். பெரியப்பாவின் கணக்கில் ஒன்று பெண், ஒன்று ஆண். கொள்ளி வைக்க வேண்டியவர் கலைஞர். மொட்டையடித்து, வேட்டி கட்டி வைக்க வேண்டும். மறுத்தால் தாயாருக்குக் கதி இல்லை, ஒப்புக்கொண்டால் இருபது ஆண்டு முடி போகும். விடுதிக்கும் கரகத்துக்கும் சவுரி போதும், ஆகவே இது தொழில் பிரச்சினை இல்லை. அந்தப் பின்னல் கீரைக்கடைக்குப் போகிற பெண்ணுடையது.

எங்கள் பங்கு சிறியது. தாயாரிடம் யாராவது கேட்டார்களா என்று அக்காவிடம் விசாரித்தோம். யாரும் கேட்கவில்லை. சாகப்போகிறவரிடம் அவருடைய சாவைப் பற்றிப் பேசக்கூடாது என்பது நம் வீடுகளின் மரியாதை. கலைஞர் கேட்கத் துணியவில்லை, அக்காதான் கேட்டார். தாயாருக்குப் பேச்சு குழறும். 'பெற்றது இரண்டு. சின்னது வைக்கட்டும். மொட்டை வேண்டாம். அந்த முடிக்கு எண்ணெய் வைத்தது நான்' என்றார். அக்காவின் மகள், வீட்டுக்குள் கலைஞரைச் 'சித்தி' என்றும் வெளியார் முன்னால் 'மாமா' என்றும் அழைக்கிற பதினான்கு வயதுப் பெண், அதைத் தொலைபேசியில் பதிவு செய்துவிட்டாள். பெரியப்பாவுக்குப் போட்டுக் காட்டியபோது, கிழவிக்கு நினைவு சரியில்லை என்றார்.

மூன்று வாரம் கழித்துத் தாயார் இறந்தார். நாங்கள் எதிர்பார்த்தது ஒன்று: வெள்ளைப் புடவையில் கலைஞர் குடம் தூக்குவார், அல்லது அக்கா மகன் வைப்பான். கலைஞர் யாரையும் கேட்காமல் அறைக்குள் போனார். வேட்டி கட்டிக்கொண்டு வெளியே வந்தார். பின்னலைச் சுருட்டித் தலையில் துண்டால் இறுக்கிக் கட்டியிருந்தார். கரகத்துக்குச் சும்மாடு கட்டுகிறவருக்கு அது பழகிய கட்டு. ஒரு மயிரும் வெளியே தெரியவில்லை. மொட்டையைப் பற்றிப் பெரியப்பா வாயெடுத்தார். 'முடி அம்மாவுடையது, பெரியப்பா. வேட்டி உங்களுக்காக' என்று சொல்லிவிட்டுக் குடத்தைத் தூக்கினார். மின்சுடலை வரை யாரும் மறுபேச்சுப் பேசவில்லை. வீடு திரும்பிக் குளித்ததும் நைட்டிக்கு மாறினார்.

இதைப் பற்றி எங்களுக்குள் கருத்து வேறுபாடு தீரவில்லை. கோலாலம்பூரிலிருந்து வந்திருந்த, அவர் அம்மாவாக ஏற்ற திருநங்கை வெகுண்டார். இத்தனை ஆண்டு போராடியதை ஒரு வேட்டியில் கட்டிக் கொடுத்துவிட்டாய் என்றார். தொண்டரும் அதே கட்சி. என் பார்வை வேறு. வேடம் கட்டுவதும் கழற்றுவதும் அவருக்குக் கைவந்த தொழில். அன்று ஊருக்கு ஒரு மகன் வேண்டியிருந்தது. முதலாளி கேட்ட பெண்ணைச் செய்து கொடுப்பது போல அவனையும் செய்து கொடுத்தார். விலை அவர் வைத்தது. ஆனால் அதற்கு அடுத்த இரண்டு மாதங்கள் அவர் இரவில் சரியாகத் தூங்கவில்லை என்பதையும் இங்கே எழுதியாக வேண்டும். துக்கத்தில் எவ்வளவு தாயாருக்கு, எவ்வளவு வேட்டிக்கு என்று பிரித்துச் சொல்ல என்னால் முடியவில்லை.

இப்போதைய நிலை

நாளமில்லாச் சுரப்பி நிபுணர் தோல் வழி எஸ்ட்ரடியாலைக் குறைந்த அளவில் தொடங்கியிருக்கிறார், இரத்தம் இளக்கும் மருந்தும் தொடர்கிறது. சிகரெட் பாதியாகியிருக்கிறது, பாதி என்பது அவர் கணக்கு. பெரியப்பா பேசுவதில்லை. அக்கா மகள் வெளியார் முன்னால் இப்போது எதுவும் சொல்லி அழைப்பதில்லை.

தொழில் பக்கம் சில வேலைகள் நடந்தன. 2017-ஆம் ஆண்டின் சுயதொழில் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் இப்போது கலைத்துறையினரும் வருகிறார்கள். ஆடும்போது விழுந்து கால் முறிந்தால் சமூகப் பாதுகாப்பு நிறுவனமான சொக்சோவில் கோரலாம். ஊழியர் சேம நிதியின் ஐ-சாரான் திட்டத்தில் நிலையான சம்பளம் இல்லாதவர்களும் தாமாகப் பணம் போடலாம், அரசும் ஒரு தொகை சேர்க்கும். இரண்டுக்கும் விண்ணப்பித்தோம். திருவிழா மேடைகளில் ஆடுகிறவர்களில் இதை அறிந்தவர்கள் மிகக் குறைவு. ராணி வேடக்காரரும் மறுநாள் வந்து படிவம் கேட்டார்.

மருத்துவர் அழுத்தக் காலுறையோடு ஆட அனுமதித்திருக்கிறார், ஒரு மணி நேரத்துக்கு மேல் தொடர்ச்சியாக நிற்கக்கூடாது. விடுதிக்குத் திரும்புவதில்லை என்று அவரே முடிவு செய்தார். புகையும் விடியும்வரை நிற்பதும் காலுக்கு ஆகாது. மணப்பெண் அலங்காரத்துக்கு இரண்டு முன்பணம் வந்திருக்கிறது. கோவில் நிர்வாகம் ஆடித் திருவிழாவுக்கு அவரைக் கேட்டிருக்கிறது, உடம்பு சரியில்லாதவர் என்பதால் சென்ற முறையைவிட நூறு வெள்ளி குறைவாக. அவர் பழைய தொகையையும், ஆட்டத்துக்கு நடுவே உட்கார ஒரு நாற்காலியையும் கேட்டு எழுதச் சொன்னார். எழுதிக் கொடுத்தோம். நாற்காலிக்குச் சரி என்று பதில் வந்திருக்கிறது, தொகையைப் பற்றிப் பேச்சு நடந்துகொண்டிருக்கிறது.